கல்லெறிந்தவர்களுக்கும் ஒரு விருது

மலையாள சினிமாவை நன்றி கெட்டது என்று யாரும் சொல்லிவிட முடியாது. அதன் முதல் கதைப்படமான ‘விகதகுமாரன்’ எடுத்த ஜே.சி. டேனியலின் பெயரில் கேரள அரசு 1992 முதல் விருது கொடுக்கிறது. வாழ்நாள் சாதனைக்கு அங்கே அதற்கு மேல் மரியாதை கிடையாது. அந்தப் படத்தின் கதாநாயகி பி.கே. ரோஸி பெயரில் மலையாளத் திரைப்பெண்கள் 2019-இல் ஒரு திரைப்படச் சங்கம் தொடங்கினார்கள். சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைப்பட விழா நடத்துகிறது. டேனியலின் கதையை வைத்து 2013-இல் வந்த ‘செல்லுலாய்ட்’ படத்தைக் கண்ணீர் விட்டுப் பார்த்தோம். 2023 பிப்ரவரி 10 அன்று, ரோஸியின் 120-ஆவது பிறந்தநாள் என்று கூகுள் தன் முகப்பில் அவர் சித்திரத்தை வைத்தது. அன்று ஒருநாள் இந்தியா முழுக்க அவரைத் தெரிந்துகொண்டது. மறுநாள் அந்தச் சித்திரம் இல்லை.

இத்தனை பேருக்கு இத்தனை மரியாதை செய்தவர்கள் ஒரு தரப்பை மட்டும் விட்டுவிட்டார்கள். திருவனந்தபுரம் கேப்பிடல் தியேட்டரில் அந்தப் படத்தின் முதல் காட்சிக்கு வந்து, திரையில் ரோஸியைக் கண்டதும் கல்லெடுத்து வீசிய பெருமக்களைச் சொல்கிறேன். மலையாள சினிமாவின் முதல் விமர்சகர்கள் அவர்கள்தான். பத்தி எழுதவில்லை, பேட்டி கொடுக்கவில்லை, விளம்பரம் தேடவில்லை. வீசினார்கள், வீட்டுக்குப் போனார்கள், சாப்பிட்டுப் படுத்தார்கள். படத்தைத் திறந்து வைத்தவர் பெயர் வரலாற்றில் இருக்கிறது. தியேட்டர் பெயர் இருக்கிறது. நடிகைக்குக் கொடுத்த தினக்கூலிகூட இருக்கிறது. கல்லெறிந்தவர்கள் மட்டும் இன்றைக்கும் ‘சிலர்’.

படம் வெளியான தேதி பற்றி ஆய்வாளர்கள் பல ஆண்டுகளாக மல்லுக்கட்டுகிறார்கள். 1928 நவம்பர் 7 என்பது ஒரு கட்சி. இல்லை, 1930 அக்டோபர் 23 என்று பழைய நோட்டீஸைத் தூக்கிக் காட்டுவது இன்னொரு கட்சி. நல்லது, தேதி முக்கியம்தான். அந்தச் சூட்டில் கால்வாசியாவது, கல்லெறிந்த கை எந்தத் தெருவின் கை, எந்தத் தறவாட்டுப் பெரிய வீட்டின் கை என்று தேடுவதில் செலவாகியிருக்கலாம். ஆகவில்லை. இந்த அநீதியைச் சரிசெய்ய ‘கேப்பிடல் கல்லெறிந்தோர் நினைவு விருது’ ஒன்றை முன்மொழிகிறேன். விருதென்றால் பாராட்டுரை வேண்டும். இதோ.

முதலில் படம். டேனியல் நாடார் கிறிஸ்தவர். தோளை மறைக்க ஒரு துணி போட்டுக்கொள்ளும் உரிமைக்காகத் திருவிதாங்கூரில் 1859 வரை அடிபட்டுப் போராடிய பெண்களின் சமூகம். சிலம்பமும் களரியும் கற்றவர். அந்தக் கலையைச் சினிமாவில் காட்ட வேண்டும் என்ற ஆசைதான் அவரை மதராஸுக்கும் பம்பாய்க்கும் அலையவிட்டது. சொந்த நிலத்தை விற்றார். திருவனந்தபுரம் பட்டத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்று ஸ்டூடியோ போட்டார். கதை, கேமரா, இயக்கம், தயாரிப்பு, நாயகன் எல்லாம் அவரே. இன்று சுயாதீன சினிமா என்று விழா மலர்களில் எழுதுகிறோமே, அதைச் செய்துவிட்டுத் தலையில் துண்டு போட்டுக்கொண்டவர் அவர்.

நாயகிக்கு என்ன செய்வது? குடும்பப் பெண்கள் சினிமாவில் முகம் காட்ட மாட்டார்கள். பம்பாயிலிருந்து லானா என்றொரு நடிகையை வரவழைத்தார். அவருக்குத் தங்குவதற்கு அரண்மனை போல இடமும், போய்வர மோட்டார் வண்டியும் வேண்டியிருந்தது. கட்டுப்படியாகாமல் திருப்பி அனுப்பினார். ஊரிலேயே தேடியபோது கிடைத்தவர்தான் ரோஸி. பிறந்த பெயர் ராஜம்மா. புலையர் சமூகம். புல்லறுத்துப் பிழைத்தவர். காக்காரிசி என்னும் நாட்டுப்புற நாடகத்தில் ஆடியும் பாடியும் பழகியவர். பம்பாய்க்காரி வேண்டாம் என்ற பிறகு வந்தவர் என்றாலும், இருவரில் நடிப்பு தெரிந்து வந்தவர் இவர் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

நாளுக்கு ஐந்து ரூபாய் கூலி. சுமார் பத்து நாள் வேலை. மதியச் சோற்றைத் தூக்குச்சட்டியில் வீட்டிலிருந்து கொண்டு வருவாராம். தனியாக உட்கார்ந்து சாப்பிடுவாராம். கேமரா சுழலும்போது அவர் சரோஜினி, வசதியான நாயர் வீட்டுப் பெண். கேமரா நின்றதும் ராஜம்மா. நாயர் வீட்டுச் சேலையைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, சாயங்காலம் தன் குடிசைக்கு நடந்தார். படம் முடியும்வரை யாருக்கும் எந்தக் கஷ்டமும் இல்லை. வேலை வாங்கும்போது நமக்குச் சாதி எப்போதாவது இடைஞ்சலாக இருந்திருக்கிறதா?

இனி அந்த நாள். திறப்பாளர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை, திருவிதாங்கூரின் மகா வக்கீல். ஆயிரம் ரூபாயும் மள்ளூரும் கையில் இருந்தால் யாரை வேண்டுமானாலும் கொன்றுவிட்டு வெளியே வரலாம் என்று ஊரே வேடிக்கையாகச் சொல்லும் அளவுக்குத் திறமைசாலி. நகரத்தின் பெரிய மனிதர்கள் எல்லாம் முன்வரிசையில். நாயகிக்கு மட்டும் இடமில்லை. அவர் உள்ளே உட்கார்ந்தால் தாங்கள் உட்கார மாட்டோம் என்று பெரியவர்கள் சொல்லிவிட்டதாகவும், அடுத்த காட்சிக்கு வா என்று அவரை நிறுத்தி வைத்ததாகவும் கதை. நியாயம்தானே? முகம் திரை முழுக்க விரியலாம். உடம்பு ஒரு நாற்காலியில் அடங்கக் கூடாது.

விளக்கு அணைந்தது. சரோஜினி வந்தார். நாயகன் அவர் கூந்தலில் இருந்த பூவை முத்தமிடும் காட்சியும் வந்தது. கனவான்கள் எழுந்தார்கள். கூச்சல், பிறகு கல். திரை கிழிந்தது. அதோடு முடியவில்லை. கல்லுக்கு ரோஸியின் வீட்டு விலாசமும் தெரிந்திருந்தது. சில நாளில் குடிசைக்குத் தீ வைத்தார்கள்.

இங்கேதான் பாராட்டுரையின் முக்கியமான பகுதி வருகிறது. இந்த ரசிகர்கள் வேஷத்துக்கு எதிரிகள் என்று யாரும் தப்பாக நினைத்துவிடக் கூடாது. 1913-இல் பால்கே எடுத்த ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் தாராமதியாக வந்தவர் சாலுங்கே என்ற ஆண், ஓட்டல் சமையற்காரர். அடுத்து ‘லங்கா தகன’த்தில் ராமனும் அவரே, சீதையும் அவரே. அதைப் பார்த்தவர்கள் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார்கள். கதகளியில் காலங்காலமாகப் பெண் வேஷம் கட்டியது ஆண்தான். சமையற்காரர் மகாராணி ஆகலாம், ஆண் சீதை ஆகலாம், மனிதன் தெய்வம் ஆகலாம். புலையர் பெண் நாயர் பெண் ஆவது மட்டும் நடிப்பு இல்லை, அத்துமீறல்.

ஏன் இந்த ஒரு வேஷத்துக்கு மட்டும் இவ்வளவு ஆத்திரம்? ரோஸி மோசமாக நடித்திருந்தால் கல் விழுந்திருக்காது. மேல்சாதிக்காரி போல நடக்கத் தெரியாமல் தடுமாறியிருந்தால், புடவை நிற்காமல் நழுவியிருந்தால், சபை வயிறு குலுங்கச் சிரித்துவிட்டுச் சந்தோஷமாகக் கலைந்திருக்கும். ‘பார்த்தாயா, என்னதான் உடுத்தினாலும்’ என்று வெற்றிலை போட்டுக்கொண்டு பேசியிருக்கும். அவர் நன்றாக நடித்துவிட்டார். அதுதான் குற்றம். தலைமுறை தலைமுறையாக ரத்தத்தில் ஓடுவதாகச் சொல்லிக்கொண்ட மேன்மையை, ஒரு சேலையும் ஒரு முழம் பூவும் கொஞ்சம் பழக்கமும் இருந்தால், தினம் ஐந்து ரூபாய் கூலிக்குப் பத்தே நாளில் யார் வேண்டுமானாலும் செய்து காட்டலாம் என்று அந்தப் பெண் திரையில் நிரூபித்துவிட்டார். நாயர் வீட்டுப் பெண்ணும் ஒரு வேஷம்தான் என்று அரங்கில் இருந்த அத்தனை பேருக்கும் ஒரே நேரத்தில் தெரிந்துபோனது. அந்த அவமானத்தைத் தாங்க முடியாமல்தான் குனிந்து கல் பொறுக்கினார்கள்.

படத்தின் கதையை நினைத்தால் இன்னும் ருசி. திருவிதாங்கூர்ப் பணக்கார வீட்டுப் பையன் ஒருவனை இலங்கைக்குக் கடத்திப்போகிறான் வில்லன். பையன் அங்கே எஸ்டேட்டில் கூலியாக வளர்கிறான். கடைசியில் முதுகுத் தழும்பு அவன் யார் வீட்டுப் பிள்ளை என்று காட்டிக்கொடுக்கிறது. எங்கே வளர்ந்தாலும் பிறப்பு வெளிப்பட்டே தீரும் என்று ஆறுதல் சொல்லும் கதை. அந்தச் சபைக்கு அளவெடுத்துத் தைத்த சட்டை. அந்தக் கதைக்கு நடுவிலேயே நின்றுகொண்டு, பிறப்பு வெளிப்படாமல் நடித்துக் காட்டினார் ரோஸி. விகதகுமாரனில் நான் படித்தறிந்த ஒரே புரட்சி அதுதான். திரைக்கதையில் அது இல்லை. நடிகையின் உடம்பில் இருந்தது.

கல்லுக்கும் அந்த மண்ணில் ஒரு சரித்திரம் உண்டு. புலையர் பெண்கள் பொன்னோ வெள்ளியோ அணியக் கூடாது. கழுத்தில் கல்லுமாலைதான் போட வேண்டும் என்பது சாதிக் கட்டளை. 1915-இல் கொல்லம் அருகே பெரிநாட்டில், புலையர் தலைவர் அய்யன்காளியின் அறைகூவலைக் கேட்ட பெண்கள் அந்த மாலைகளை அறுத்து எறிந்தார்கள். பத்துப் பதினைந்து ஆண்டுகளுக்குள் கற்கள் திரும்பி வந்தன. நாடு அப்போது தூங்கிக்கொண்டும் இருக்கவில்லை. வைக்கம் போராட்டம் 1925-இல் முடிந்து, கோயிலைச் சுற்றிய தெருக்களில் பெரும்பாலானவை திறந்திருந்தன. கோயிலையே திறக்க 1936 வரை ஆனது. மகாராஜா பிரகடனம் போட்டுக் கோயில் கதவைத் திறந்துவிடலாம். தியேட்டரில் உட்கார்ந்திருப்பவரின் நெஞ்சைத் திறக்க எந்தப் பிரகடனமும் இதுவரை எழுதப்படவில்லை.

ரோஸி ஓடினார். நாகர்கோவில் பக்கம் போன லாரியில் ஏறியதாகச் சொல்வார்கள். ஓட்டியவர் நாயர். அவரையே திருமணம் செய்துகொண்டு, ராஜம்மாள் என்ற பெயரில் நாகர்கோவிலில் வாழ்ந்தார். தமிழ்நாட்டுக்குத் தப்பி வந்தார் என்று நாம் பெருமையாக எழுதிக்கொள்கிறோம். அன்றைக்கு நாகர்கோவிலும் திருவிதாங்கூர்தான். அவர் எல்லை தாண்டவில்லை. 1956 நவம்பர் 1-இல் எல்லைதான் அவரைத் தாண்டிப் போனது. அடைக்கலம் கொடுத்த புண்ணியம் எந்த அரசுக்கும் இல்லை, எந்த மொழிக்கும் இல்லை. ஒரு லாரிக்காரருக்கு மட்டும் உண்டு.

நாகர்கோவிலில் அவர் சினிமா பற்றி வாய் திறக்கவில்லை. பிள்ளைகள் தந்தையின் சாதி அடையாளத்தோடு வளர்ந்தார்கள் என்று அவரைத் தேடிப்போனவர்கள் எழுதியிருக்கிறார்கள். 1980-களின் கடைசிவரை இருந்தார். கணக்குப் போட்டுப் பாருங்கள். எந்த வேஷத்துக்காகக் கல்லால் அடித்து விரட்டினார்களோ, அதே வேஷத்தை, நாயர் வீட்டுப் பெண்மணி வேஷத்தை, அரை நூற்றாண்டுக்கும் மேலாகத் தினந்தோறும் நடித்தார். எதிரே அதே சமூகம்தான் உட்கார்ந்து பார்த்தது. யாரும் கண்டுபிடிக்கவில்லை. உலகத்தில் எந்த நடிகைக்கு இப்படி ஒரு சான்றிதழ் கிடைத்திருக்கிறது? அதற்காக அவர் தன் பெயரையும், தன் சனத்தையும், தன் கலையையும் விலையாகக் கொடுக்க வேண்டியிருந்தது என்பதை விழா மேடைகளில் ‘தியாகம்’ என்கிறார்கள். திருடு கொடுத்தவனைத் தானம் செய்தவன் என்று பாராட்டும் கெட்டிக்காரத்தனம் இது.

டேனியலும் அழிந்தார். ஸ்டூடியோ போயிற்று. பல் மருத்துவராகிக் காரைக்குடியில் பிழைத்தார். திரும்பவும் சினிமா ஆசையில் பணத்தை விட்டார். முதுமையில் கேரள அரசிடம் நலிந்த கலைஞர் ஓய்வூதியம் கேட்டபோது, நீர் குடியிருப்பது தமிழ்நாட்டு அகஸ்தீஸ்வரத்தில், அங்கே போய்க் கேளும் என்று பதில் வந்ததாம். 1975-இல் இறந்தார். இறந்து பதினேழு ஆண்டு கழிந்ததும் அதே அரசு அவர் பெயரில் விருது வைத்தது. செத்தவருக்கு ஓய்வூதியம் தர வேண்டியதில்லை என்பதைச் சட்டம் தெரிந்தவர்கள் யாரோ கவனித்திருக்க வேண்டும். ஆனாலும் டேனியலுக்கு முகம் மிஞ்சியது, புகைப்படம் மிஞ்சியது, ‘மலையாள சினிமாவின் தந்தை’ என்ற பட்டம் மிஞ்சியது. ரோஸி? படச்சுருள் ஒரு அடிகூட இல்லை. அவர் படம் என்று உலவும் புகைப்படம் அவருடையதுதான் என்று சத்தியம் செய்ய ஆளில்லை. பேசாப்படம் என்பதால் குரலும் இல்லை.

அதனால்தான் ரோஸி நமக்கு இவ்வளவு வசதியாக இருக்கிறார். எதிர்த்துப் பேச மாட்டார். சம்பளம் கேட்க மாட்டார். முன்வரிசையில் நாற்காலி கேட்க மாட்டார். மேடையில் பெயரைச் சொல்லிவிட்டு, அவர் சமூகத்துப் பெண் ஒருத்தி இன்று எந்தப் படத்தில் நாயகியாக நடிக்கிறாள் என்ற கேள்வி வருவதற்குள் தேநீர் இடைவேளை விட்டுவிடலாம்.

நினைவு விருதுக்கு இந்த ஆண்டுப் போட்டி கடுமையாகவே இருக்கும். மலையாள சினிமாவில் பெண்கள் படும் பாட்டை விசாரித்த ஹேமா கமிட்டியின் அறிக்கையை 2019 டிசம்பரில் வாங்கி, நாலரை ஆண்டு பத்திரமாகப் பூட்டி வைத்து, 2024 ஆகஸ்டில் பக்கங்களை வெட்டிவிட்டு வெளியிட்ட பெரியவர்களுக்குக் கூட்டு விருது தரலாம். ரோஸி விரட்டப்பட்ட அதே திருவனந்தபுரத்தில், 2025 ஆகஸ்டில் அரசு நடத்திய சினிமாக் கொள்கை மாநாட்டில், தாழ்த்தப்பட்ட, பழங்குடி இயக்குநர்களுக்கு அரசு கொடுக்கும் ஒன்றரைக் கோடி அதிகம், முதலில் மூன்று மாதமாவது பயிற்சி கொடுங்கள், தொகையை ஐம்பது லட்சமாகக் குறையுங்கள் என்று யோசனை சொன்ன உலகப் புகழ் பெற்ற மூத்த இயக்குநருக்குச் சிறப்பு விருது. டேனியல் எந்தக் கல்லூரியில் மூன்று மாதப் பயிற்சி எடுத்தார், ரோஸி எந்தப் பட்டறையில் நடிப்புப் பழகினார் என்று நடுவர் குழு கேட்காது.

தமிழர்கள் இதையெல்லாம் படித்துவிட்டு மலையாளிகளைப் பார்த்து உச்சுக் கொட்ட வேண்டாம். நமக்கும் தகுதி உண்டு. சேரிப் பெண் பாத்திரம் என்றால், மும்பையிலிருந்து நிறமான பெண்ணை விமானத்தில் வரவழைத்து, நாள் முழுக்கக் கறுப்பு மை பூசி, ‘பாத்திரமாகவே வாழ்ந்திருக்கிறார்’ என்று எழுதுகிறவர்கள் நாம். புலையர் பெண் சிவப்புச் சாயம் பூசி நாயர் ஆனால் கல். சிவப்புப் பெண் கரி பூசிச் சேரிப் பெண் ஆனால் விருது. டேனியல் நூறு வருஷத்துக்கு முன்னால் கட்டுப்படியாகாது என்று கைவிட்ட பம்பாய் வழியை நாம் இன்னும் விடவில்லை, பட்ஜெட்டில் வித்தியாசம் அவ்வளவுதான்.

தியேட்டரும் அப்படியே. கூகுள் ரோஸியைக் கொண்டாடி ஐம்பது நாள்கூட ஆகாத 2023 மார்ச் 30 அன்று, சென்னை கோயம்பேட்டில் ஒரு பெரிய தியேட்டர் வாசலில், கையில் டிக்கெட்டோடு நின்ற நரிக்குறவர் குடும்பத்தை உள்ளே விட மறுத்தார்கள். வீடியோ ஊரெல்லாம் பரவியதும் நிர்வாகம் விளக்கம் கொடுத்தது: யு/ஏ சான்றிதழ் படமாம், கூட 12 வயதுக்குக் குறைந்த பிள்ளைகள் இருந்தார்களாம். அந்தச் சட்டம் அதே வாசலில் வேறு எத்தனை குழந்தைகளை அன்று மறித்தது என்று விளக்கத்தில் இல்லை. பிறகு உள்ளே விட்டார்கள், உட்கார வைத்தார்கள், அதையும் வீடியோ எடுத்துக் காட்டினார்கள். கேப்பிடல் கனவான்கள் கல்லைத் தேடிக் குனிய வேண்டியிருந்தது. நமக்குச் சான்றிதழ் போதும், முதுகு வலிக்காது.

விருதுக்கான விதிகள் எளியவை. விண்ணப்பிப்பவர் கல்லெறிந்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை. எறிந்தபோது பக்கத்து நாற்காலியில் பேசாமல் இருந்திருந்தால் போதும். ‘அந்தக் காலம் அப்படி’ என்று ஒருமுறையாவது சொல்லியிருந்தால் கூடுதல் மதிப்பெண். அந்தக் காலத்தில்தான் அய்யன்காளி இருந்தார், கல்லுமாலையை அறுத்த பெண்கள் இருந்தார்கள், நிலத்தை விற்றுப் புலையர் பெண்ணை நாயகியாக்கிய டேனியல் இருந்தார், அந்த வேஷத்தைத் துணிந்து கட்டிய ரோஸி இருந்தார். காலம் யாரையும் கல்லெடுக்கச் சொல்லவில்லை. கை எடுத்தது.

விருது வேண்டாம் என்று நினைப்பவர்களுக்கு ஒரு மாற்று வழியும் உண்டு, செலவு கொஞ்சம் அதிகம். ரோஸியின் படத்துக்கு மாலை போடும் காசில் ஒரு படம் எடுங்கள். அவர் சமூகத்துப் பெண்ணை நாயகியாகப் போடுங்கள். சேரிப் பெண்ணாக வேண்டாம், அடிபட்டு அழும் பெண்ணாகவும் வேண்டாம். தறவாட்டு வீட்டுப் பெண்ணாக, அக்ரகாரத்துப் பெண்ணாக, பங்களாவில் பிறந்த பெண்ணாக, காதலித்துப் பூச்சூடிச் சிரிக்கும் சரோஜினியாக. போஸ்டரில் அவர் பெயரையும் ஊரையும் பெரிதாகப் போடுங்கள். முதல் காட்சிக்கு அவரையே அழைத்து முன்வரிசையில் நடுநாற்காலியில் உட்கார வையுங்கள். பிறகு அரங்கின் விளக்கை அணைக்காமல் எங்கள் அத்தனை பேர் கைகளையும் பாருங்கள்.